பாதிப் படம்

மேடான் நகரத்தில் பஸ் ஏறி, ரப்பர் மரமெல்லாம் முடிந்து செம்பனை தொடங்குகிற இடத்தில் இறங்கினால் சுங்கை மெராக். தமிழரும் ஜாவாக்காரரும் பத்தாக்குகளும் மலாய்க்காரரும் ஒரே சந்தையில் ஒருத்தர் காலை ஒருத்தர் மிதித்துக்கொண்டு வாழ்கிற அந்த ஊரில், பதினேழு வருஷமாக ஒரே சினிமாப் படத்தைத் திரும்பத் திரும்பப் போட்டார்கள், பதினேழு வருஷமாக ஒருத்தர்கூட அதன் முடிவைப் பார்க்கவில்லை. போஸ்டரில் பெயர் இருந்த மூலையை ஆடு தின்றுவிட்டதால் ஊரே சேர்ந்து அதற்குப் பாதிப் படம் என்று பெயர் வைத்திருந்தது.

கல்யாணமோ, சுன்னத்தோ, சுதந்திர தினமோ, எது வந்தாலும் சரி, பள்ளிக்கூட மைதானத்தில் இரண்டு மூங்கிலை நட்டு வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டுவார்கள். பொழுது சாய்ந்ததும் தோகார் தன் புரொஜெக்டரைத் தள்ளுவண்டியில் கொண்டுவந்து நிறுத்துவார். தோகார் பத்தாக்கு ஆள், குரல் பெரிசு, பயமும் பெரிசு. ஜகார்த்தாவில் படக் கம்பெனி இழுத்து மூடப்பட்டபோது மிஞ்சிய ஒரே பிரதி அவர் கைக்கு வந்து சேர்ந்திருந்தது. மொத்தம் ஆறு ரீல். ஐந்தாவது ரீலில் கதாநாயகன் ஹர்மானும் கதாநாயகி மிராந்தியும் பஸ் நிலையத்தில், கொட்டுகிற மழையில், ஒரு டங்டுட் பாட்டுப் பாடுவார்கள். டங் என்று இழுத்து டுட் என்று அடிவயிற்றில் வந்து விழுகிற அந்த மத்தளத்தைக் கேட்டால் தொண்ணூறு வயசு இடுப்பும் ஒரு பக்கமாய்ப் போய்த் திரும்பும். அந்த மத்தளம் விழுந்ததும் சுங்கை மெராக்கிலும் மழை விழும்.

திறந்தவெளி சினிமாவுக்கு அந்த நாட்டில் மிஸ்பார் என்று ஒரு கேலிப்பெயர் உண்டு. கெரிமிஸ் என்றால் தூறல், பூபார் என்றால் கலைந்து போவது; இரண்டையும் வெட்டி ஒட்டினால் மிஸ்பார். மற்ற ஊர்க்காரர்கள் அதைக் கேலியாக எடுத்துக்கொண்டார்கள், சுங்கை மெராக்காரர்கள் உத்தரவாக எடுத்துக்கொண்டார்கள். முதல் சொட்டு மூக்கில் பட்ட மறு நிமிஷம் பாயைச் சுருட்டி, பக்கத்தில் கிடந்த பிள்ளையைத் தூக்கி இடுப்பில் வைத்து, அது யார் பிள்ளை என்றுகூடப் பார்க்காமல் ஓடிவிடுவார்கள். மறுநாள் காலையில் சந்தையில் பிள்ளைகளை மாற்றிக்கொள்வது அங்கே வழக்கமாகவே ஆகிவிட்டது. மழை பெய்யாத வாரமே இல்லாத ஊர் அது, ஆகவே படத்தோடு மழை வருவதை யாரும் பெரிதாக நினைக்கவில்லை.

இதில் யாருக்கும் நஷ்டமில்லை, தில்லைநாயகி ஒருத்தியைத் தவிர.

தில்லைநாயகி சந்தை முனையில் ரோத்தி சானே என்கிற அந்த ஊர்ப் பரோட்டா போடுகிறவள். மாவை அவள் வீசிப் பிடிக்கிற வேகத்தைப் பார்க்கவே காலையில் கூட்டம் நிற்கும், அவள் போடுகிற சத்தத்தில் சந்தைக் கோழிகள் எழுந்துகொள்ளும். பத்தொன்பது வயதில் வீட்டில் சொல்லாமல் கொள்ளாமல் கப்பலேறி, ஜகார்த்தாவுக்கு நடிக்கப் போனாள். இருபத்தொன்றில் ஒரு தகரப் பெட்டியோடு திரும்பி வந்து, "நான் படத்துல இருக்கேன். கடைசி சீன்ல வர்றேன். ஒரு வசனம் பேசுறேன்" என்றாள். என்ன வசனம் என்று கேட்டவர்களிடம், "அதை ஏன் இப்ப சொல்லணும்? படம் வரும்ல, பாத்துக்கோங்க" என்று வீம்பாகச் சொல்லிவிட்டாள். படமும் வந்தது, கூடவே மழையும் வந்தது.

எதிர்வீட்டில் ஜெகதாம்பாள் இருந்தாள். ஊர்த் துணியெல்லாம் துவைத்து, ஊர்க்கதையெல்லாம் பிழிந்து காயப்போடுகிற கை. "அவ படத்துல ஒண்ணும் இல்ல, நம்மகிட்ட ரீல் விடுறா" என்று முதலில் சொன்னது அவள்தான். அன்றிலிருந்து தில்லைநாயகிக்குக் கடைசி ரீல் என்று பெயர் விழுந்தது. பள்ளிக்கூடத்தில் பையன் பொய் சொன்னால் வாத்தியார், "கடைசி ரீல் விடாதே" என்பார். ஜாவாக்காரரும் பத்தாக்குகளும்கூடத் தமிழில் அந்த ஒரு வார்த்தையைச் சுத்தமாகக் கற்றுக்கொண்டார்கள். தில்லைநாயகியும் சிரித்துக்கொள்வாள். ஆனால் பாதிப் படம் போடுகிற அன்றெல்லாம் நல்ல சேலை கட்டி, தலையில் மல்லிகை வைத்து, முன்வரிசையில் வந்து உட்கார்ந்துவிடுவாள். மைதானமே காலியான பிறகும் நனைந்துகொண்டு, "தோகார் பாங், ஒரே ஒரு ரீல்தான் பாங்" என்று கெஞ்சுவாள். பாங் என்றால் அங்கே அண்ணன். தோகாரோ மெஷின்மேல் தார்ப்பாயைப் போட்டு, அதற்கு மேல் தானும் கவிழ்ந்து படுத்துக்கொண்டு, "இது நனைஞ்சா நான் செத்தேன் தங்கச்சி, வீட்டுக்குப் போ" என்பார். இப்படியே பதினேழு வருஷம் போனது. சில நாள் அவளுக்கே சந்தேகம் வரும், நிஜமாகவே நடித்தோமா, இல்லை சொல்லிச் சொல்லி நம்பிவிட்டோமா என்று. அந்தச் சந்தேகம் வருகிற நாளில் அவள் ரோத்தி கருகிப் போகும்.

அப்புறம் அந்த வறட்சி வந்தது. ஐந்து மாதம் ஒரு சொட்டு இல்லை, ஆறு சுருங்கி வாய்க்கால் ஆனது, வாய்க்கால் சுருங்கி ஞாபகம் ஆனது. ஆகஸ்ட் பதினேழு, அந்த நாட்டின் சுதந்திர தினத்துக்கு வழக்கம்போலப் பாதிப் படம் போட்டார்கள். மழையைத் தடுக்கிற வேலை பாக் வகிமினுடையது. ஈர்க்குச்சியில் சிவப்பு மிளகாயும் சின்ன வெங்காயமும் குத்தி மண்ணில் நட்டு, உதட்டுக்குள் ஏதோ முணுமுணுத்து, எந்தக் கல்யாணத்து மழையையும் பக்கத்து ஊருக்குத் திருப்பிவிடுகிற ஜாவாக் கிழவர் அவர். இந்த ஒரு படத்துக்கு மட்டும் அவர் மந்திரம் பலித்ததே கிடையாது. அன்று வானத்தில் நட்சத்திரம் இறைந்து கிடந்தது. இந்தத் தடவை தப்பித்தோம் என்று அவர் காலை நீட்டி உட்கார்ந்தார். ஐந்தாவது ரீலில் மத்தளம் டங் என்றது, டுட் என்றது, அவர் மொட்டைத் தலையில் சொட்டு விழுந்தது, ஊர் ஓடியது.

ஓடிப்போய் வீட்டு வாசலில் நின்றபோதுதான் விஷயம் புரிந்தது. வாசலில் புழுதி அப்படியே இருந்தது, கூரை காய்ந்து கிடந்தது, இவர்கள் மட்டும் சொட்டச் சொட்ட நின்றார்கள். எதிர்வாசலில் நின்றவரும் சொட்டினார். கொஞ்ச நேரம் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துவிட்டு, வெட்கத்தோடு ஒவ்வொருவராய் மைதானத்துக்குத் திரும்பினார்கள். அங்கே மழை வெள்ளைத் துணியிலிருந்து சாய்வாய் இறங்கி, கால்பந்துக் கோல்கம்பம் வரைக்கும் பெய்து, அதற்கு அந்தப் பக்கம் ஒரு புல்லைக்கூட நனைக்காமல் நின்றிருந்தது. பாக் வகிமின் நாக்கை நீட்டி ஒரு சொட்டு ருசி பார்த்தார்.

"இது வானத்துத் தண்ணி இல்ல. ஸ்டூடியோ தொட்டித் தண்ணி. பாசி வாசம் அடிக்குது" என்றவர், ஓவென்று அழுதார். "பதினேழு வருஷமா என் மந்திரம் பொய்க்கலய்யா! வானத்தைத்தானே நான் கட்டினேன், துணிய யாரு கட்டச் சொன்னா?"

முன்வரிசையில் நனைந்த மல்லிகையோடு உட்கார்ந்திருந்த தில்லைநாயகி சேலைத் தலைப்பைப் பிழிந்துவிட்டு நிமிர்ந்தாள். இனிமேல் ஓட மாட்டார்கள், இன்றைக்கே ஆறாவது ரீல் என்று அவள் திரும்பிப் பார்த்தபோது ஊர் மறுபடி ஓடிக்கொண்டிருந்தது. இந்தத் தடவை குடம் எடுத்துவர.

அன்றிலிருந்து தினமும் பொழுது சாய்ந்ததும் ஐந்தாவது ரீல்தான், மெஷினைத் தோகார் கோல்கம்பத்துக்கு அந்தப் பக்கம் காய்ந்த இடத்தில் நிறுத்திக்கொண்டார். பாட்டு ஆறு நிமிஷம். முடிந்ததும் சுற்றி மறுபடி போடுவது, இப்படி எட்டுத் தடவை. ஊர்த் தலைவர் பலகை எழுதி மாட்டினார்: முதல் இரண்டு பாட்டு குடிதண்ணீருக்கு, அடுத்த மூன்று வயலுக்குப் போகிற கால்வாய்க்கு, அப்புறம் ஒன்று ஆடுமாட்டுக்கு, ஒன்று துணிக்கு, கடைசிப் பாட்டு சும்மா ஆடுகிறவர்களுக்கு. பள்ளிவாசல் இமாமும் கோயில் பண்டாரமும் இந்தத் தண்ணீர் தொழுகைக்கு முன் கை கால் கழுவுகிற ஒளுவுக்கும் அபிஷேகத்துக்கும் ஆகுமா என்று ஒரு மணி நேரம் தனியே பேசி, பாடுவது அவர்கள், தண்ணீர் பாடவில்லையே என்று முடிவு சொன்னார்கள். அந்தத் தண்ணீரில் வடித்த சோற்றைத் தின்றால் நடக்கும்போது இடுப்பு டுட்டுக்கு டுட் இடது பக்கம் போனது, மூன்றாம் நாளே அதுவும் பழகிவிட்டது. பக்கத்து ஊர்க்காரர்கள் பீப்பாயோடு வந்தார்கள், வந்தவர்கள் பாட்டையும் கற்றுக்கொண்டு போனார்கள். ஒரு நாள் ஹர்மானின் இடது செருப்பு துணியிலிருந்து நழுவிச் சேற்றில் விழுந்தது. ஊர்த் தலைவர் அதைத் துடைத்து ஆபீஸ் அலமாரியில் பூட்டி வைத்தார், மறுநாளிலிருந்து ஹர்மான் ஒற்றைக் காலில் செருப்போடு ஆடினான். நன்றாகவே ஆடினான்.

முதல் வாரத்திலேயே தில்லைநாயகி கேட்டுப் பார்த்தாள், "பாங், மழைப் பாட்டுத்தான் தினம் ஓடுதே, ஒரு நாள் அப்படியே அடுத்த ரீலையும் ஓட விட்டா என்ன?"

பதில் சொன்னது பாக் வகிமின். "அம்மா, கதைல அந்தப் பாட்டோட மழை முடியுது. கதையைத் தாண்ட விட்டா, அங்க விட்ட மழை இங்கயும் விட்டுரும். அப்புறம் திருப்பி வராது. மழையோட போக்கு எனக்குத் தெரியும்."

சரி, பாட்டை விட்டுவிட்டு ஆறாவது ரீலை மட்டும் போடலாமே என்று தோகார் ஒரு மத்தியானம், பள்ளிக்கூட அறையை இருட்டாக்கி, அவளுக்காக ரகசியமாகப் போட்டுப் பார்த்தார். துணியில் பஸ் நிலையம் தெரிந்தது, ஈரத் தரை தெரிந்தது, ஒரு பூனை வந்து போனது. ஆட்கள் யாரும் வரவில்லை. அவர்கள் எல்லாரும் இன்னும் ஐந்தாவது ரீலில் நனைந்துகொண்டிருந்தார்கள், பாட்டு முடியாமல் எப்படி வருவார்கள்? தில்லைநாயகி அந்தக் காலி நிலையத்தையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். விஷயம் வெளியே தெரிந்து, ஊர்த் தலைவர் நேரிலேயே வந்து, "உனக்கு வேணும்னா ஊரைக் கூட்டிக் கேட்கலாம்" என்றார், நல்ல மனுஷன். அவள் மாவைப் பிசைந்துகொண்டே, "வேணாங்க. பச்சப்புள்ளைங்க தண்ணி குடிக்குது. என் மூஞ்சி எங்க போயிடப் போவுது, பொட்டிக்குள்ளதானே இருக்கு" என்றாள். சொல்லிவிட்டு அன்று கடையைச் சீக்கிரம் சாத்தினாள், வீட்டுக்குப் போய் வயிறெரிய அழுதாள்.

ஐம்பதாவது நாள் மிராந்தி தும்மினாள். இரண்டாவது சரணத்தில், மத்தளத்துக்கு நடுவில், அச் என்று ஒன்று. மைதானத்துப் பெண்கள் எல்லாரும் ஆடுவதை நிறுத்தினார்கள். மறுநாள் மூக்கு சிவந்திருந்தது, அதற்கு மறுநாள் குரல் கட்டி, பாட்டு பாதி காற்றாய் வந்தது. ஹர்மான் அவள் பங்கையும் சேர்த்துப் பாடிச் சமாளித்தான். ஜெகதாம்பாள் ஒரு அண்டா இஞ்சியும் பனைவெல்லமும் கொதிக்கவைத்து, திரையின் அடியில் கொண்டுபோய் ஊற்றினாள். துணி அதை உறிஞ்சிக்கொண்டது, ஒரு நாளைக்குக் குரல் தெளிந்தது, மறுபடி கட்டியது. ஐம்பத்தெட்டாவது நாள் மிராந்தி காய்ச்சலில் நடுங்கிக்கொண்டே நடனம் ஆடியதைப் பார்த்த ஜெகதாம்பாள் குடத்தைக் கவிழ்த்துவைத்துவிட்டு எழுந்தாள்.

"போதும்யா! நாமும் மனுசங்கதானா? ஊர் நனையணும்னு ஒரு வயசுப் பொண்ண ரெண்டு மாசமா மழையில நிக்க வச்சிருக்கோம். கிணறு நெரம்பியாச்சு. அந்தப் புள்ளய வீட்டுக்கு அனுப்புங்க!"

"அனுப்பினா மழை போயிரும்" என்றார் ஊர்த் தலைவர்.

எல்லாரும் பாக் வகிமினைப் பார்த்தார்கள். கிழவர் மேற்கே திரும்பி மூக்கை உறிஞ்சினார். "ஒரு வாடை வருது. மழையா இருக்கலாம், யாராவது கருவாடு சுடுறதாவும் இருக்கலாம். என்னால உறுதி சொல்ல முடியாது."

ஊர் கொஞ்ச நேரம் யோசித்தது. திரையில் மிராந்தி மறுபடி தும்மினாள். அதோடு யோசனை முடிந்தது, ஒருத்தர் பாக்கியில்லாமல் கை தூக்கினார்கள். தில்லைநாயகிக்குச் சந்தோஷம் ஒரு பக்கம், எரிச்சல் ஒரு பக்கம். பதினேழு வருஷம் நான் தொண்டை கிழியக் கேட்டேன், ஒரு கை தூக்கவில்லை. அவள் ஒரு தும்மல் போட்டாள், ஊரே தூக்குகிறது! ஆனாலும் வீட்டுக்கு ஓடிப்போய் நல்ல சேலையைக் கட்டிக்கொண்டு வந்தாள்.

கடைசியாக ஒரு தடவை பாட்டுப் போட்டார்கள். அது முடிந்ததும் தோகார் ஆறாவது ரீலை மாட்டினார். மழை விட்டது. மிராந்தி ஒரு துண்டால் தலையைத் துவட்டினாள், பார்த்துக்கொண்டிருந்த பெண்கள் எல்லாரும் பெருமூச்சு விட்டார்கள். கதை நகர்ந்தது. யாரோ ஒரு மாமன் ஏதோ ஒரு பொய்க் கடிதத்தைக் காட்ட, மிராந்தி மனசு உடைந்து, பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறப் போனாள். உண்மை தெரிந்து ஹர்மான் தெருத் தெருவாக ஓடிவந்தான். பஸ் நிலையத்து முனையில் ஒரு ரோத்தி வண்டி நின்றது. வண்டிக்குப் பின்னால், ரெட்டைச் சடை போட்டு, கன்னத்தில் மாவோடு, இருபது வயதுப் பெண் ஒருத்தி நிமிர்ந்து பார்த்தாள்.

"ஐயோ, தில்லை!" ஜெகதாம்பாள் நெஞ்சில் அடித்துக்கொண்டாள். "அது நீதாண்டி! சாமி சத்தியமா நீதான்!"

தில்லைநாயகிக்குக் கண்ணை மறைத்தது. துடைத்துக்கொண்டு பார்த்தாள். ஹர்மான் மூச்சு வாங்க வந்து, "மேடான் பஸ் போய்விட்டதா?" என்று கேட்டான். ரெட்டைச் சடைப் பெண் வாயைத் திறந்தாள். அந்த வாயிலிருந்து பட்டு மாதிரி வழவழவென்று, ரேடியோவில் செய்தி வாசிக்கிற ஜகார்த்தாச் சீமாட்டி ஒருத்தியின் குரல், "மன்னிக்கவும் ஐயா, பேருந்து சற்று முன்னர்தான் புறப்பட்டுச் சென்றது" என்றது. ஹர்மான் பெஞ்சில் உட்கார்ந்து முகத்தை மூடிக்கொண்டான். தமாட் என்று பெரிய எழுத்து வந்தது. தமாட் என்றால் முற்றும்.

அந்தக் காலத்தில் படம் பிடித்து முடித்தபிறகுதான் ஒரு அறையில் உட்கார்ந்து குரல் சேர்ப்பார்கள். முகம் ஒருத்தருடையது, குரல் வேறொருத்தருடையது. தில்லைநாயகியின் சந்தைக் குரல் பட்டணத்துக்கு ஆகாது என்று யாரோ முடிவு செய்திருக்கிறார்கள், அவளைக் கூப்பிட்டுச் சொல்லக்கூட இல்லை. அவள் எழுந்து நின்று, சின்னக் குரலில், "அது என் குரல் இல்ல" என்றாள். இத்தனை வருஷத்தில் அவள் இவ்வளவு மெதுவாகப் பேசி யாரும் கேட்டதில்லை.

"எங்களுக்குத் தெரியாதாக்கும்?" என்றாள் ஜெகதாம்பாள். "தினம் காலைல உன் குரலக் கேட்டுத்தானேடி எந்திரிக்கிறோம்! யாரோ ஒருத்தி உன் வாய்க்குள்ள பூந்து பேசுறா!" அப்புறம் தோகார் பக்கம் திரும்பி இடுப்பில் கை வைத்தாள். "பாங், திருப்பிச் சுத்து. சத்தத்தை அமத்து. தில்லை பேசட்டும்."

"பேசட்டும்! பேசட்டும்!" என்று ஊர் நான்கு பாஷையில் கத்தியது. இதற்குள் பின்வரிசையில் சிலர் வேறு காரணத்துக்காகக் கத்திக்கொண்டிருந்தார்கள்: இரண்டு மாதம் இஞ்சித் தண்ணீர் கொடுத்துத் தேற்றிய பெண்ணை இப்படித் தனியாக பஸ் ஏற்றி அனுப்பவா, இது என்ன முடிவு, எவன் எழுதினான், அவன் வீடு எங்கே என்று.

ரீல் பின்னோக்கிச் சுற்றியது. தில்லைநாயகி சேற்றில் நடந்துபோய்த் திரைக்குப் பக்கத்தில் நின்றாள். சத்தம் அமர்ந்த மைதானத்தில் புரொஜெக்டர் மட்டும் கறகறவென்றது. வசனம் அவளிடம் தயாராக இருந்தது. பதினேழு வருஷமாக யாரிடமும் சொல்லாமல், ரோத்தி வீசும்போதெல்லாம் வாய்க்குள் சொல்லிப் பார்த்த வசனம், போயாச்சு, அடுத்த பஸ் நாளைக்குத்தான் என்பது. ஹர்மான் சத்தமில்லாமல் ஓடிவந்தான். சத்தமில்லாமல் கேட்டான். ரெட்டைச் சடைப் பெண் வாயைத் திறந்தாள்.

பக்கத்தில் நின்று பார்த்தபோதுதான் அவன் முகம் எவ்வளவு களைத்திருக்கிறது என்று தில்லைநாயகிக்குத் தெரிந்தது. வாய்க்குள் இருந்த வசனத்தை விழுங்கினாள். பட்டணத்து பாஷையும் மறந்தது, படத்து பாஷையும் மறந்தது, சந்தைக் கோழிகளை எழுப்புகிற குரல் அடிவயிற்றிலிருந்து கிளம்பியது.

"இன்னும் போகலடா! ஓடு! அந்தா திரும்புது பாரு, ஓடு!"

பிறந்ததிலிருந்து தமிழ் கேட்டிராத ஹர்மான் திடுக்கிட்டு, ரெட்டைச் சடைக்காரியை விட்டுவிட்டு நேராக மைதானத்தில் நின்றவளைப் பார்த்தான். ஒரு நிமிஷம்தான். பிறகு ரோத்தி வண்டியைத் தாண்டிக் குதித்து, பெஞ்சைத் தாண்டிக் குதித்து, திரையின் ஓரத்தைத் தாண்டி ஓடினான். ஊர் மொத்தமும் எழுந்து நின்று, "ஓடு! ஓடு!" என்று தமிழிலேயே கத்தியது. பாக் வகிமின் மிளகாய்க் குச்சியை ஆட்டி ஆட்டிக் கத்தினார், இமாமும் பண்டாரமும் ஒருத்தர் தோளை ஒருத்தர் பிடித்துக்கொண்டு கத்தினார்கள். தமாட் என்கிற எழுத்து சொன்ன நேரத்துக்கு வந்தது, காலியாக இருந்த பெஞ்சைப் பார்த்தது, என்ன செய்வதென்று தெரியாமல் வந்த வழியே போய்விட்டது.

ரீல் தீர்ந்தது. துணி வெறும் வெளிச்சமாய் நின்றது. யாரும் உட்காரவில்லை. வெள்ளைத் துணிக்குப் பின்னால், எங்கோ மேடான் ரோட்டுத் திருப்பத்தில், ஒரு பழைய பஸ் பிரேக் போட்டு நிற்கிற சத்தம் எல்லாருக்கும் கேட்டது.